இஸ்டைன் பாறையில் எள்ளும் நீரும்

கணவனின் வெப்புநோய் தீரக் காரணமாயிருந்த பாண்டிமாதேவியின் பெயரையே மங்கையற்கரசிக்கு அவளுடைய தந்தை இட்டார். பெயர் வாய்த்தது, பேறு வாய்க்கவில்லை. அவள் கணவன் அரியரத்தினம் சென்ற சித்திரை மாதம் ஓர் உணவகத்தின் அடுக்களையில், கழுவிய கோப்பைகளைக் கையில் ஏந்தியபடியே விழுந்து இறந்தான். அவளுக்கு அப்போது ஐம்பத்து மூன்று வயது. பிள்ளைகள் இல்லை.

அவர்கள் வாழ்ந்தது ஜெர்மனியின் தென்மேற்கு மூலையில், லோராக் மாவட்டத்து வைல் நகரில். தெற்கே சுவிஸ், மேற்கே பிரான்ஸ். கிழக்கிலிருந்து வரும் றைன் நதி பாசல் நகரின் நடுவே வளைந்து வடக்கே திரும்பி, அங்கிருந்து ஜெர்மனிக்கும் பிரான்சுக்கும் எல்லையாகி ஓடுகிறது. பாசலிலிருந்து வைலுக்கு டிராம் வண்டி வரும். சுவிஸ்காரர் அதில் ஏறி வந்து மலிவு இறைச்சி வாங்கிக்கொண்டு திரும்புவர். அவர்களுக்கு எல்லை என்பது ஒரு தரிப்பிடம். மங்கையற்கரசிக்கும் அரியரத்தினத்துக்கும் அது அவ்வாறன்று. அவர்களுடைய அகதி மனு நிராகரிக்கப்பட்டிருந்தது. நாடு கடத்துவது தற்காலிகமாகத் தள்ளிவைக்கப்பட்டுள்ளது என்னும் ஒரு தாளே அவர்களிடம் இருந்தது. ‘டுல்டுங்’ என்பது அதன் பெயர். பொறுத்துக்கொள்ளுதல் என்பது அதன் பொருள். நாட்டைவிட்டு வெளியே கால் வைத்தால் அந்தத் தாள் அக்கணமே செத்துவிடும் என்று வழக்கறிஞர் கூறியிருந்தார்.

அரியரத்தினத்தின் தமையன் ஞானசுந்தரம் பாசலில் இருந்தார். சுவிஸ் குடியுரிமை பெற்றவர். முப்பது ஆண்டுகள் பாசல் துறைமுகத்தில் உழைத்து ஓய்ந்தவர். தம்பிக்குப் பாசலிலேயே குடியுரிமையுள்ள ஒரு பெண்ணை அவர் பேசி வைத்திருந்தார். தம்பியோ மங்கையற்கரசியை மணந்து ஜெர்மன் பக்கத்திலேயே நின்றுவிட்டான். அதை அவர் ஒருநாளும் மன்னிக்கவில்லை.

லோராக் நகருக்கு மேலே ஒரு காடு உண்டு. சுவிஸ் மண் அங்கே ஒரு விரலைப் போல ஜெர்மனிக்குள் நீண்டிருக்கிறது. இரண்டாம் உலகப் போர்க் காலத்தில், கம்பி வேலி இல்லாத அந்த விரலை நாடி உயிர் தப்ப ஓடியவர்கள் பலர். கடந்தவர்களுள்ளும் திருப்பி அனுப்பப்பட்டவர்கள் உண்டு. இன்று அங்கே காவலும் இல்லை. பாசி படர்ந்த எல்லைக் கற்கள் மட்டும் வரிசையாக நிற்கின்றன. மாதம் ஒரு ஞாயிறு அந்தக் கற்களுள் ஒன்றன் இருபுறமும் தமையனும் தம்பியும் சந்தித்துக்கொள்வார்கள். தமையன் கறிவேப்பிலையும் கருவாடும் கொண்டுவருவார். மங்கையற்கரசியும் உடன் போயிருந்த ஒருமுறை அவர் பையைக் கையில் கொடாமல், கல்லுக்கு அப்பால் நான்கடி தள்ளித் தம் மண்ணில் வைத்தார்.

“வந்து எடுத்துக்கொண்டு போவன். ஆரடா பாக்கப் போறான்?”

அரியரத்தினம் தலை குனிந்து சிரித்தபடி நின்றான். மங்கையற்கரசி முறிந்து கிடந்த ஒரு மரக்கொம்பை எடுத்துப் பையின் காதில் கொளுவி இழுத்தாள். கருவாடு மண்ணில் சிந்தியது. ஞானசுந்தரம் அவளை ஒரு பார்வை பார்த்தார்.

அரியரத்தினத்தின் உடல் எரியூட்டப்பட்டது. ஜெர்மன் சட்டப்படி சாம்பற்கலசம் மயானத்திலேயே புதைக்கப்பட வேண்டும், ஆற்றில் இடலாகாது. பாசலில் அதற்குத் தடையில்லை. முப்பத்தோராம் நாள் அந்தியேட்டிச் சடங்கன்று றைன் நதியில் கரைக்கலாம், கலசத்தைத் தம் பொறுப்பில் ஒப்படைக்கக் கையெழுத்து மட்டும் வேண்டும் என்று ஞானசுந்தரம் சொன்னார். தமையன் இருக்கக் கடமை அவருக்கே உரியது. மறுப்பது அவமரியாதை என்று வளர்க்கப்பட்டவள் அவள். தாளின் எந்த வரியையும் வாசியாமல் ஒப்பமிட்டாள். சாம்பல் கைமாறியது.

அவள் வேண்டியது ஒன்றே. கணவன் கரைந்து வரும் நீரில் எள்ளிறைத்து, ஒருமுறை தலை முழுக வேண்டும். வைலிலிருந்து பிரான்சுக்குச் செல்லும் நடைபாலத்தில், ஜெர்மன் பாதியிலேயே நின்று பார்க்கிறேன் என்றாள். ஞானசுந்தரம் தொலைபேசியில் பரிவோடு மறுத்தார். பாலத்தில் பொலிஸ் நிற்கும், கூட்டத்தில் ஓரடி தவறினால் தாள் போய்விடும் என்றார். பிறகு, வைலுக்குக் கீழே ஜெர்மன் கரையிலேயே உள்ள ஓர் இடத்தையும் அவரே சொன்னார்.

“இஸ்டைனுக்குப் போ, மங்கை. அங்கை பாறையள் இருக்கு, இறங்கலாம். ஆள் நடமாட்டமும் இல்லை. உன்ரை காலடியாலைதான் போவான்.”

அவள் அழுதுகொண்டே அவருக்கு நன்றி சொன்னாள்.

முப்பத்தோராம் நாள், முதியோர் இல்லத்தில் தரை துடைக்கும் வேலைக்கு விடுப்பு எடுத்து, ரயிலேறி இஸ்டைனில் இறங்கினாள். சுண்ணாம்புக் குன்றின் அடியில், அகன்ற பாறைத் தட்டுகளின் இடையே நீர் மெல்ல நுரைத்தது. ஒன்பது மணிக்குத் தொலைபேசி ஒலித்தது. கரைத்தாயிற்று, மூன்று மணித்தியாலத்தில் உன்னிடம் வந்துவிடுவான் என்றார் ஞானசுந்தரம். அவள் பாறையில் அமர்ந்து, தெரிந்த பதிகங்களை ஒன்றன்பின் ஒன்றாக ஓதினாள். பன்னிரண்டு மணிக்கு எழுந்து, செம்பில் கொண்டுவந்த எள்ளையும் அரிசியையும் இரண்டு கைகளாலும் நீரில் விட்டாள். “வாங்கோ,” என்றாள். பிறகு உடுத்த சேலையோடு நீரில் இறங்கி, இடுப்பளவு ஆழத்தில் மும்முறை மூழ்கி எழுந்தாள். வைகாசி வெயிலிலும் அந்த நீர் எலும்பைக் கடித்தது.

சற்றுத் தள்ளித் தூண்டில் போட்டிருந்த ஒரு ஜெர்மன் முதியவர் தம் மேற்சட்டையைக் கொண்டுவந்து அவள் தோளில் போட்டார். என்ன செய்கிறாய் என்று கேட்டார். பாசல் துறைமுகத்தில் உழைத்த கணவனின் தமையன் இந்த இடத்தைச் சொன்னது உட்பட எல்லாவற்றையும் அவள் தன் முறிந்த ஜெர்மனில் சொன்னாள். அவர் குற்றம் செய்தவர் போல விளக்கினார். முதல் உலகப் போரில் ஜெர்மனி தோற்றபோது, நதியைத் திருப்பும் உரிமையைப் பிரான்ஸ் உடன்படிக்கையில் எழுதி வாங்கியது. பாசலுக்குக் கீழே, இந்த இடம் வருமுன், ஓர் அணை உண்டு. நதியின் பெரும்பகுதி அங்கே பிரெஞ்சுக் கால்வாய்க்குள் திரும்பி, மின் எந்திரங்களைச் சுழற்றிக்கொண்டு பிரெஞ்சு மண்ணிலேயே போகிறது. இந்தப் பழைய படுகைக்கு விடுவது எஞ்சிய சிறு பங்கு. பாசலில் இட்டது இங்கே வருவது அரிது. பாறைகள் வெளியே தெரிவதே அதனால்தானே என்றார். இந்தப் பக்கத்தில் மீன்பிடிப்பவன் எவனும் அறிவான், துறைமுகத்தில் வேலை செய்தவன் நிச்சயமாக அறிவான் என்று, கேட்காமலே சேர்த்துச் சொன்னார்.

அவள் நனைந்த விரல்களால் தொலைபேசியை அழுத்தினாள்.

“அத்தான், தண்ணி பிரான்சுக்குள்ளாலை போகுதாம். உங்களுக்குத் தெரியுமோ?”

“ஓம். தெரியாமல் என்ன?”

“பிறகு ஏன் என்னை இஞ்சை நிக்கச் சொன்னனீங்கள்?”

மறுமுனையில் தேநீர்க் கோப்பையைத் தட்டில் வைக்கும் ஒலி கேட்டது.

“எத்தினை தரம் அவனை இஞ்சாலை வாடா எண்டு கூப்பிட்டனான். நீதான் விடேல்லை. இப்ப வந்திட்டான்.” சற்று நிறுத்தி, அமைதியான குரலிலேயே சொன்னார்: “உன்னட்டைக் கடுதாசி இல்லையெண்டு தண்ணிக்கும் தெரிஞ்சிருக்குப் பிள்ளை. கொம்பு ஒண்டு முறிச்சு இழுத்துப் பாரன்.”

தொடர்பு அறுந்தது.

மங்கையற்கரசி முதியவரின் மேற்சட்டையை மடித்துத் திருப்பிக் கொடுத்தாள். செம்பை எடுக்கக் குனிந்தபோதுதான் கண்டாள். அவள் இறைத்த எள் எங்கும் போகவில்லை. இழுத்துச் செல்ல வேகமற்ற அந்த நீர், பாறைக் குழி ஒன்றில் அதைச் சேர்த்து, கருவளையமாக மெல்லச் சுழற்றிக்கொண்டிருந்தது. அவள் குழியருகே முழங்காலிட்டு, ஒவ்வொரு மணியாகப் பொறுக்கிச் செம்பில் போடத் தொடங்கினாள். இரண்டு மணி ரயில் குன்றின் ஓரமாகப் போயிற்று. மூன்று மணி ரயிலும் போயிற்று. மறுநாட் காலை ஐந்து மணிக்கு அவள் வேலைக்குப் போக வேண்டும்.