நான்கு விரல் தண்ணீர்

சுவிட்சர்லாந்தின் பாசல் நகரில் நாங்கள் தோட்டம் செய்யும் இடத்தில் தண்ணீருக்குப் பொறுப்பு நான்தான். டிராம் தண்டவாளத்துக்கும் நெடுஞ்சாலைக்கும் நடுவில் அறுபது துண்டு நிலம். ஒவ்வொரு துண்டிலும் ஒரு மரக்குடில், ஒரு தண்ணீர்க் குழாய். பனிக்காலத்தில் குழாய் உறைந்து வெடித்துவிடும் என்பதால் கார்த்திகையில் எல்லாவற்றையும் பூட்டி, பங்குனியில் திறக்க வேண்டும். இதைச் செய்கிறவரை இங்கே வாசர்வார்ட் என்பார்கள். சம்பளம் கிடையாது. வருடக் கூட்டத்தில் யார் வருகிறீர்கள் என்று கேட்டபோது எல்லோரும் தங்கள் சப்பாத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள், நான் கையைத் தூக்கினேன். ஏழு வருடமாகிறது, அந்தப் பதவிக்கு இன்னும் ஒருவரும் போட்டிக்கு வரவில்லை.

நிலத்தில் பதித்த இரும்பு மூடியைத் தூக்கினால் அடியில் ஒவ்வொரு துண்டுக்கும் ஒரு வால்வு இருக்கும். இடுப்பளவு நீளமான சாவியை இறக்கித் திருப்ப வேண்டும். முதல் நாளே எனக்குக் கை பழகிவிட்டது. என் அப்பா இலங்கையின் கிழக்கில் ஓர் அணைக்கட்டின் துருசுக் கதவுத் தொழிலாளி. ஆற்றுத் தண்ணீரை வாய்க்காலுக்கு விடும் அந்தக் கதவை உயர்த்துவதும் இறக்குவதும்தான் அவருடைய வேலை. அப்பாவின் உத்தியோகம் மகளுக்கு வந்துவிட்டது என்று என் கணவர் பகிடி பண்ணுவார். பகிடியாக இருந்தவரை நானும் சிரித்தேன்.

அந்தக் கதவுக்காக ஒரு சண்டை நடந்தது. அணைக்கட்டைக் கையில் வைத்திருந்த ஆயுதக்காரர்கள் ஒரு நாள் வந்து கதவை இறக்கச் சொன்னார்கள். கீழே, மற்றப் பக்கத்தாரின் கட்டுப்பாட்டில் இருந்த ஊர்களுக்கு ஒரு சொட்டும் போகக்கூடாதாம். சிறுபோக வேளாண்மை குடலைப் பருவத்தில் நின்ற நேரம். வயிற்றுக்குள் கதிரோடு நிற்கும் நெல்லுக்கு அந்த நேரம் தண்ணீர் இல்லாவிட்டால் அத்தனையும் பதராகிவிடும். அப்பா அதைச் சொல்லிப் பார்த்தார். அவர்கள் வேளாண்மை பற்றிக் கேட்க வரவில்லை. கதவு இறங்கியது. அதைப் பிடிக்க இராணுவம் கீழிருந்து முன்னேறியது, கிபிர் விமானங்கள் மேலிருந்து குண்டு போட்டன, இவர்கள் அணையைச் சுற்றிப் பங்கர் வெட்டி மறித்தார்கள். அப்பா கிரீஸ் பூசி வளர்த்த ஓர் இரும்புப் பலகைக்காக இரண்டு பக்கத்திலும் பிள்ளைகள் செத்தார்கள்.

வாய்க்காலின் தலைப்பில் எங்கள் ஆட்களின் வயல்களும் கொஞ்சம் இருந்தன. மற்றவர்களைக் காயப்போட இறக்கிய கதவு இவர்களையும் சேர்த்துத்தான் காயப்போட்டது. அதில் முதல் வயல்காரர் ஒரு மத்தியானம் அப்பாவிடம் வந்தார். நான் அப்பாவுக்குச் சோறு கொண்டுபோயிருந்தேன், அப்போது எனக்குப் பத்தொன்பது வயது. அந்த மனிதர் அப்பாவின் இரண்டு கையையும் பிடித்துக்கொண்டு அழுதார். இந்தப் போகமும் போனால் பூச்சிமருந்தைக் குடிப்பதைத் தவிர வேறு வழியில்லை என்றார். நான்கு விரல் உயர்த்தினால் காணும், தன் வயல் நனைந்ததும் இறக்கிவிடலாம் என்றார். அப்பா அவரை அனுப்பிவிட்டுச் சோற்றைப் பிசைந்தார்.

அடுத்த நாள் நான் போயிருந்தபோது கிபிர் வந்தது. காவலுக்கு நின்றவர்கள் பங்கருக்குள் இறங்கிவிட்டார்கள். அப்பா கையைக்கூடக் கழுவாமல் எழுந்துபோய்க் கதவின் கைபிடியைச் சுற்றத் தொடங்கினார். என்னை ஓடச் சொன்னார். நான் ஓடவில்லை, மருத மரத்தின் வேருக்குள் முகத்தைப் புதைத்துக்கொண்டு படுத்தேன். நிமிர்ந்து பார்த்தபோது அவர் திருகுதண்டின் மேல் நான்கு விரலை வைத்து அளந்துகொண்டிருந்தார். குண்டு காட்டுக்குள் விழுந்து நிலம் அதிர்ந்தது. அவர் அளந்து முடித்துவிட்டுத்தான் குந்தினார். விமானம் போனதும் கதவை இறக்கினார். இப்படி மூன்று தரம் செய்தார்.

பிறகு என்ன நடக்கும் என்று அவருக்குத் தெரியாமலா இருந்திருக்கும்? சுற்றிவர எல்லா வயலும் மண்ணிறம், ஒரே ஒரு வயல் மட்டும் பச்சை. இரண்டு பேர் வந்து அப்பாவை விசாரணை என்று கூட்டிப்போனார்கள். தோளில் துவாயைப் போட்டுக்கொண்டு, பின்னேரம் வந்துவிடுவேன் என்று அம்மாவிடம் சொல்லிவிட்டுப் போனார். ஒரு கிழமைக்குள் அணைக்கட்டு இராணுவத்தின் கைக்குப் போய்விட்டது. கதவை அவர்கள் திறந்தார்கள். நாங்கள் உடுத்த உடுப்போடு ஓடினோம். அப்பா வரவில்லை. அணைக்கட்டில் காவலுக்கு நின்ற ஒருவனை அம்மா பிறகு அகதி முகாமில் கண்டு, காலில் விழாத குறையாகக் கேட்டாள். அவன் சொன்னது இதுதான்: கதவைத் திறந்தது யார் என்று சொன்னது அந்தப் பச்சை வயல்காரர்.

யாருக்காகத் திறந்தாரோ அவரே காட்டிக்கொடுத்தார். அந்தப் பெயரை நான் மறக்காமல் வைத்திருந்தேன். முதியோர் இல்லத்தின் சலவை அறையில் எட்டு மணித்தியாலம் துணி மடிக்கும் வேலை எனக்கு, யோசிக்க நிறைய நேரம் உண்டு. அவர் என் முன்னால் வந்தால் என்னென்ன சொல்வேன் என்று பல விதமாக அடுக்கி வைத்திருந்தேன்.

போன வருடம் பங்குனியில் தோட்டத்துக்குப் புதிதாக வந்தவர்களின் பட்டியலைத் தந்தார்கள். அதில் அந்தப் பெயர் இருந்தது. பிறந்த ஊரும் சரியாக இருந்தது. தண்ணீர் திறக்கிற நாளில் ஆளையும் கண்டேன். மகளோடு வந்து இருக்கிறாராம், அறுபத்தைந்து வயதைத் தாண்டியிருந்தார், தலை முழுக்க நரைத்திருந்தது. வணக்கம் ஐயா என்றேன். வணக்கம் பிள்ளை என்றார். அவருடைய வால்வை நானே திறந்துவிட்டேன். முதல் தண்ணீரைக் கையில் ஏந்திக் கண்ணில் ஒற்றிக்கொண்டார். பக்திமான்.

அன்றைக்கே கேட்டிருக்கலாம். நான் கேட்கவில்லை. அவர் கொத்தினார், பாத்தி கட்டினார், கத்தரியும் மிளகாயும் பாகலும் நட்டார். சீமெந்து குழைக்கும் கறுப்புத் தொட்டி ஒன்றில் சேறு நிரப்பி, வீட்டுக்குள் முளைக்க வைத்த நெல் நாற்றை ஊன்றினார். சுவிஸ்காரர்கள் வந்து வந்து படம் எடுத்தார்கள். நான் என் தக்காளிக்குள் குனிந்து நின்றபடி அவருடைய நெல் வளர்வதைப் பார்த்துக்கொண்டிருந்தேன். அது குடலைப் பருவத்துக்கு வரட்டும் என்று காத்திருந்தேன். ஆம், அதற்காகத்தான் காத்திருந்தேன்.

ஆடியில் வெயில் கொளுத்தியது. ஒரு சனிக்கிழமை காலை நெல்லின் தண்டை விரலால் அமத்திப் பார்த்தேன், உள்ளே கதிர் இருந்தது. மூடியைத் தூக்கி அவருடைய வால்வைப் பூட்டினேன். நிலத்துக்கடியில் கசிவு, சாமான் ஓடர் பண்ணியிருக்கிறேன் என்று ஒரு கடதாசி எழுதிக் குழாயில் கட்டினேன். தோட்டத் தலைவர் ஓய்வுபெற்ற டிராம் சாரதி, நல்ல மனிதர். சரி, நீ பார்த்துக்கொள் என்றார். ஆறு வருடம் பொய் சொல்லாமல் இருந்ததன் பலன் அப்போது கிடைத்தது.

அந்த நாட்கள் எனக்கு இனித்தன. அதை மறைக்க மாட்டேன். வேலை முடிந்து டிராமில் இருந்து இறங்கும்போதே எட்டிப் பார்ப்பேன். சுற்றிவர மற்ற ஐம்பத்தொன்பது துண்டும் பச்சை, ஒன்று மட்டும் வாடிக்கொண்டு வந்தது. முதலில் பாகல் சுருண்டது, பிறகு கத்தரி தொங்கியது. வீட்டில் நான் பாட்டுப் படித்துக்கொண்டு சமைப்பதைக் கண்டு கணவர் என்ன விசேஷம் என்று கேட்டார். வெயில் நல்லது என்றேன்.

அவர் என்னிடம் வந்து கேட்பார் என்றுதான் எதிர்பார்த்தேன். என் அப்பாவின் கையைப் பிடித்து அழுததுபோல என் முன்னாலும் நின்று கேட்க வேண்டும். அப்போது நான் யாருடைய மகள் என்று சொல்லிவிட்டு, முடியாது என்று சொல்ல வேண்டும். மனிதர் வரவில்லை. பக்கத்துத் துண்டுப் போர்த்துக்கல்காரி தன் ஹோஸ் பைப்பை நீட்டினாள், வேண்டாம் என்று கைகாட்டினார். வெளியே டிராம் தரிப்பிடத்துக்குப் பக்கத்தில் பொதுத் தண்ணீர்த் தொட்டி ஒன்று இருக்கிறது. அங்கிருந்து இரண்டு கேன்களில் சுமந்து வந்தார். கத்தரியைப் பார்க்கவில்லை, மிளகாயைப் பார்க்கவில்லை. சுமந்தது அவ்வளவையும் நெல்லுக்கே ஊற்றினார். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

எட்டாம் நாள் சுமப்பதை நிறுத்திவிட்டார். குடிலின் நிழலில் கதிரையைப் போட்டுக்கொண்டு சும்மா இருந்தார். ஒன்பதாம் நாளும் அப்படியே. தொட்டியில் சேறு வெடிக்கத் தொடங்கியிருந்தது, நெல்லின் ஓலை முறுக்கிக்கொண்டு நின்றது. பத்தாம் நாள் என்னால் பொறுக்க முடியவில்லை. படலையைத் திறந்துகொண்டு உள்ளே போய், பைப் எப்போது சரிவரும் என்று கேட்க மாட்டீர்களோ என்றேன்.

"அது பழுதாகேல்லைத்தானே பிள்ளை," என்றார்.

தோட்டத்து ஆட்களின் பட்டியலில் என் பெயரையும் ஊரையும் பார்த்த அன்றைக்கே நான் யாரென்று தனக்குத் தெரியும் என்றார். துருசடிக்குச் சோறு கொண்டுவருகிற பிள்ளையை மறப்பேனோ என்றார். அடுக்கி வைத்த வசனங்களை எல்லாம் விட்டுவிட்டு ஒன்றை மட்டும் கேட்டேன்.

"உங்களை அடிச்சவங்களோ?"

பத்தொன்பது வருடமாக அதற்கு நான் ஆயத்தமாக இருந்தேன். அடித்தார்கள், தலைகீழாகக் கட்டினார்கள், மகளைக் கொல்வோம் என்றார்கள் என்று ஏதாவது சொல்வார், நான் காறித் துப்புவேன் என்று நினைத்திருந்தேன்.

"இல்லைப் பிள்ளை," என்றார். "ஒருக்காத்தான் கேட்டவங்கள், வயல் ஏன் பச்சையாக் கிடக்கெண்டு. கைகூட ஓங்கேல்லை. நான் சொல்லிட்டன்."

அவருடைய முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தேன். அடித்தார்கள் என்று பொய்யாவது சொல்லியிருக்கக் கூடாதா என்று இருந்தது. என் அப்பா குண்டுக்குக் குனியாமல் நின்று அளந்து கொடுத்த தண்ணீருக்கு, இவர் ஓர் அதட்டல்கூட வாங்கவில்லை.

"அந்த வேளாண்மையை அறுத்தனீங்களோ?"

"ஓம். சண்டை ஓய்ஞ்சு போய் அறுத்தன். பதினாறு மூட்டை."

"சாப்பிட்டனீங்களோ?"

"இல்லை. ஒரு மணிகூட வாயில வைக்கேல்லை. எல்லாத்தையும் வித்திட்டன்." பிறகு தொட்டியைக் காட்டினார். "நீ பூட்டினது சரிதான் பிள்ளை. இது காயட்டும். திறக்காதை."

அப்போதுதான் எனக்கு உண்மையான கோபம் வந்தது. அதற்கு முன் வந்ததெல்லாம் கோபமே இல்லை. நான் பூட்டினதை அவர் தண்டனையாக வாங்கிக்கொண்டு நிழலில் இருந்திருக்கிறார். தொட்டி நெல்லும் ஏழு கத்தரியும் செத்ததும் விஷயம் முடிந்தது என்று எழும்பிப் போகலாம் என்று நினைத்திருக்கிறார். என் அப்பாவுக்கு ஈடாக ஒரு தொட்டி நெல்லா? அதை அவருக்கு நான் கொடுக்க மாட்டேன்.

ஓடிப்போய்ச் சாவியை எடுத்து வந்து மூடியைத் தூக்கினேன். வேண்டாம் பிள்ளை, வேண்டாம் என்று பின்னால் வந்தார். வால்வை முழுக்கத் திருப்பிவிட்டேன். அவருடைய குழாயில் கட்டிய கடதாசியைக் கிழித்து, ஹோஸ் பைப்பைத் தொட்டிக்குள் போட்டு, தண்ணீர் விளிம்பால் வழியும்வரை நின்றேன். அன்றிலிருந்து ஒவ்வொரு பின்னேரமும் நானே போய்த் தண்ணீர் விட்டேன். என் பிள்ளைகளுக்குக்கூட நான் அவ்வளவு பார்த்ததில்லை. பாதிக் கதிர் பதராகிவிட்டது, பாதி பிழைத்தது.

புரட்டாதிக் கடைசியில் அறுக்கச் சொன்னேன். அறுத்தார். கையால் உருவி, காயவைத்து, சின்ன உரலில் இடித்துப் புடைத்தார். இரண்டு பிடி அரிசி தேறியது. குடிலில் இருந்த காஸ் அடுப்பில் அதை என் முன்னால் சமைத்தார். கறி இல்லை, உப்பு மட்டும் போட்டார். இரண்டு தட்டை எடுத்து வைத்தார். நான் என் தட்டைத் தள்ளிவிட்டு, எல்லாவற்றையும் அவருடையதில் போடச் சொன்னேன்.

முதல் பிடியை வாயில் வைத்தவர் அப்படியே இருந்தார். தாடை அசையவில்லை. கண் நிரம்பி, மூக்கு ஒழுகியது. என்னைப் பார்த்தார். போதும் என்று நான் சொல்வேன் என்று காத்திருந்தார் என்று நினைக்கிறேன். வெளியே டிராம் போகிற சத்தம் கேட்டது.

"விழுங்குங்கோ," என்றேன்.

விழுங்கினார். கடைசிப் பருக்கைவரை நான் எழும்பவில்லை. தட்டைக் கழுவிக் கவிழ்த்துவிட்டு, இனிச் சரியோ பிள்ளை என்று மெல்லிய குரலில் கேட்டார். நான் படலைவரை போய்த் திரும்பினேன்.

"விதைநெல் மிச்சம் இருக்குத்தானே," என்றேன். "வாற வருசமும் போடுங்கோ. தண்ணி நான் விடுவன்."