அண்ணனின் நிறத்தில் கை வைக்காதீர்கள்

இந்த நினைவு மலரின் அட்டைப் படத்தைப் பார்த்து, கொஞ்சம் வெளுப்பாகப் போட்டிருக்கலாமே என்று நினைக்கும் உறவினர்களுக்கு முதலிலேயே சொல்லிவிடுகிறேன். போட்டார்கள். நான் விடவில்லை.

அண்ணன் திருக்கழுக்குன்றத்தில், மலையடிவாரத்து வீட்டில், எனக்கு ஆறு ஆண்டுகள் முன்னால் பிறந்தவர். அப்பாவின் கறுப்பு எங்கள் இருவருக்கும் அப்படியே வந்தது. செங்கல்பட்டில் படிப்பை முடித்து ஒளிப்பதிவு கற்கப் போனார். பெரிய படம் ஒன்றில் உதவியாளராக இருந்தபோது, ஒரு கறுத்த பெண்ணுக்கு மாவாகப் பவுடர் அப்பி, முகத்தில் விளக்கு வெளிச்சத்தைக் கொட்டச் சொன்னார்கள். "அந்தப் பொண்ணு நல்லாத்தானே கீது" என்று சொல்லிவிட்டு வந்தவர், மறுநாள் வேலைக்குப் போகவில்லை.

அதன்பின் கடைசிவரை சின்னப் படங்கள்தான். பாதி, தியேட்டர் வாசலையே பார்க்கவில்லை. "இன்னும் படம் புடிச்சிகினுதான் கீறியா?" என்று விசேஷ வீடுகளில் அவரைக் கேட்டவர்களும் இதைப் படிக்கிறீர்கள். ஆமாம், பிடித்துக்கொண்டுதான் இருந்தார்.

திருவிடந்தையில் ஒருநாள் அவர் வேலை செய்வதைப் பார்த்தேன். மீனவர் ஒருவரைப் படமெடுக்க வேண்டும். மற்றவர்கள் என்றால் பின்னால் கடல் தெரிய நிறுத்துவார்கள். வானம் பளீரென்று இருக்கும், முகம் தெரியாது. அண்ணன் அவரைப் படகின் நிழலில், கருநீலப் பலகைக்கு முன்னால் உட்கார வைத்தார். யாரோ துண்டை நீட்டியதும், "வேர்வைய தொடைக்காத. வெளிச்சம் அதுலதான் வந்து குந்தும்" என்றார். திரையில் அந்த முகம் எண்ணெய்க் காப்பிட்ட சிலைபோல இருந்தது.

கூடுவாஞ்சேரியில் நடந்த என் கல்யாணத்தையும் அவர்தான் எடுத்தார். என் மாமியார் மன்னிக்க வேண்டும், இதை எழுதாமல் முடியாது. ஆல்பத்தைப் பார்த்து, "இன்னாப்பா, பொண்ணு இம்மாம் கறுப்பா கீது?" என்றார்.

"பொண்ணு அப்டித்தாம்மா கீது. நேர்ல பாத்துதானே முடிவு பண்ணீங்க?" என்றார் அண்ணன்.

எல்லோரும் சிரித்தார்கள். எனக்கு அழுகை வந்தது. அடுத்த வாரமே ஒரு ஸ்டுடியோவில் கொடுத்து என் முகத்தை வெளுக்க வைத்தேன். புதிய ஆல்பத்தைப் புரட்டிய அண்ணன், "இது யாரு?" என்று மட்டும் கேட்டார்.

சிறுநீரகம் பழுதாகி, கடைசி எட்டு மாதங்கள் அவர் பட்ட பாடு நீங்கள் அறிந்ததே. முதலாண்டு நினைவுக்கு இந்த மலரை அச்சிடக் கொடுத்தேன். கேட்காமலே முகத்தை வெளுத்திருந்தார்கள். "எல்லாருக்கும் இப்டித்தான்க்கா போடுறோம். சாமியாயிட்டாரு, பளிச்சுனு இருக்கட்டும்" என்றார் அச்சகத் தம்பி.

"இது யாரு?" என்று கேட்டேன்.

மூன்று முறை திருப்பி அனுப்பினேன். நான்காவது முறை அண்ணன் வந்தார்.

மருத்துவமனையில் மாறி மாறித் துணையிருந்த அவருடைய நண்பர்களுக்கும், கூப்பிட்ட நேரமெல்லாம் வண்டி அனுப்பிய திருவிடந்தை மீனவர்களுக்கும், முணுமுணுத்தாலும் நான்கு முறை வேலை பார்த்த அச்சகத் தம்பிக்கும் எங்கள் குடும்பத்தின் நன்றி.

எங்கள் வீட்டுக்கு வருகிறவர்கள் கூடத்தில் அண்ணன் படத்துக்குப் பக்கத்தில் ஒரு கல்யாணப் பெண்ணின் படத்தைப் பார்ப்பீர்கள். அவருடைய கணினியில் தேடி எடுத்தது. அவர் எடுத்தபடியே, நல்ல கறுப்பாக இருக்கும். அது யார் என்று கேளுங்கள். நான்தான்.

— தங்கை