வாயடைத்த கதைசொல்லி

"உன் தம்பி படத்தை இப்படி வேகமாச் சுத்திப் பறக்கவிட்டா நான் எப்படிப் பேசறது?"

என் வீட்டுக்காரர் தொகுஜிரோ தினமும் சோற்றுக் கிண்ணத்தைப் பார்த்துப் புலம்புவது இதைத்தான். ஜப்பானில் எங்கள் ஓனோமிச்சி ஊர் சினிமாக் கொட்டகையில் ஊமைப்படத்துக்குத் திரையோரம் நின்று கதை சொல்பவர் அவர். மேலே உள்ள அறையிலிருந்து படத்தைக் கையால் சுற்றுபவன் என் தம்பி உமெகிச்சி.

போன மாதம் கோபத்தில் டீக் கோப்பையை அவன்மேல் எறிந்துவிட்டார். நெற்றி கிழிந்தது. மறுநாளே அவருக்கு மனம் அடித்துக்கொண்டது. ஆனால் ஊருக்கே பேசுகிற வாயில் மன்னிப்பு மட்டும் வரவில்லை.

"இந்த வாரத்தோட இந்த வேலையை விட்டுட்டு கோபே நகரத்துக்குப் போறேன்க்கா" என்றான் தம்பி.

சனிக்கிழமை படத்தில், அண்ணனை அடித்தவன் வருந்தி அவர் காலில் விழும் காட்சி வந்தது. இவர் வாயே திறக்கவில்லை. திரும்பி, தம்பியின் அறையைப் பார்த்து, தரையில் நெற்றி பட விழுந்தார். எழுந்திருக்கவும் இல்லை. உமெகிச்சி அந்தக் காட்சியை மெதுவாக, இன்னும் மெதுவாகச் சுற்றினான்.

"எழுந்திருங்க மாமா! இதுக்கு மேல மெதுவா சுத்தினா விளக்குச் சூட்டுல ஃபிலிம் பத்திக்கும்!" என்று மேலேயிருந்து கத்தினான்.

சிரிப்பிலும் கைதட்டலிலும் கூரை அதிர்ந்தது. கோபே பயணம் அதோடு சரி.

இந்த வாரமும் இருவரும் சேர்ந்துதான் படம் காட்டுகிறார்கள். அவசியம் போய்ப் பாருங்கள். முன்வரிசை மட்டும் வேண்டாம், அவர் பேசினால் எச்சில் தெறிக்கும்.