டிக்கெட் கொடுக்கிற நேரத்துப் பாட்டு

திண்டுக்கல் மாதா கோவிலில் ஆர்மோனியம் வாசித்த ராயப்பராஜ் மதராஸுக்குப் போய், பல வருடம் காத்திருந்து, ஒரே ஒரு படத்துக்கு இசையமைத்தார். படம் ஒரு வாரத்தில் பெட்டிக்குள் போனது. இனி சினிமா வேண்டாம் என்று மனைவி புஷ்பமேரியிடம் சொல்லிவிடும் எண்ணத்தோடு, 1958இல் ஒரு சாயங்காலம் அவள் ஊரான செம்பட்டியில் பஸ்ஸை விட்டு இறங்கினார்.

டீக்கடையில் உட்கார்ந்ததும் டூரிங் சினிமாக் கொட்டகையின் குழாய் ஒலிபெருக்கியிலிருந்து அவருடைய பாட்டே கிளம்பியது. அவர் சிலிர்த்து நிமிர்வதற்குள், கடையிலிருந்தவர்கள் டீயைப் பாதியில் வைத்துவிட்டு எழுந்து ஓடினார்கள்.

“பாட்டு அம்புட்டு மோசமா?” என்றார் கடைக்காரரிடம்.

“பாட்டை எவன் கேட்டான்? இந்த ரிக்கார்டு போட்டா டிக்கெட்டு குடுக்குறான்னு அர்த்தம். முடிஞ்சதும் படம் போட்ருவான். ஓடியாங்கண்ணே!”

“ஏன், வேற பாட்டு இல்லையா?”

“மத்த பாட்டுக்குச் சனம் ஆடி அசைஞ்சு வருது. இதக் கேட்டா காலு தரையில நிக்க மாட்டேங்குதே!”

ராயப்பராஜ் பெட்டியைத் தலையில் வைத்துக்கொண்டு ஓடினார். முன்னால், பிள்ளையை இடுப்பில் இடுக்கியபடி புஷ்பமேரி ஓடிக்கொண்டிருந்தாள்.

“மேரி, ஒண்ணு சொல்லணும்...”

“வந்துட்டீகளா? ஒங்க பாட்டுதான், கேக்குது. பேசிட்டு நின்னா இடம் போயிரும்!”

அவர் சொல்ல வந்ததை விட்டுவிட்டு, மூச்சு வாங்கிய கூட்டத்தைப் பார்த்துக் கத்தினார்: “பதறாதீங்க, இன்னும் ஒரு சரணம் இருக்கு!”

அது பெரிய பாட்டில்லை. ஆனாலும் மறுவாரமே அவர் மதராஸ் ரயில் ஏறினார். அறுபதுகளில் அவர் இசையமைத்த பாட்டுகளிலெல்லாம் கடைசிச் சரணம் சற்று நீளம். குறைக்கச் சொன்ன தயாரிப்பாளர்களிடம், “ஊர்க்கோடியில இருக்கவுக வந்து சேர வேணாமா?” என்பார்.