மந்தக்கல் பெஞ்சில் நாலு நிமிடம்

நெய்வேலியை ஒட்டி மரக்கன்று வளர்க்கும் ஒப்பந்தக்காரர் ஒருவர், தன்னிடம் வேலை செய்யும் இருபத்திரண்டு பேரிடமிருந்து தினமும் ஆளுக்கு இரண்டு மணி நேரம் திருடுகிறார். கருவி ஒரு கல். அதைப் பார்க்கத்தான் போன மாதம் ஒரு புதன்கிழமை கிளம்பினேன். வேலைக்கு விண்ணப்பித்துவிட்டு ஏழு மாதமாகப் பதிலுக்குக் காத்திருப்பவன் நான். யாரும் திருட விரும்பாத நேரம் என்னிடம் நிறைய இருக்கிறது.

மந்தக்கல் பற்றித் தெரியாதவர்களுக்கு: பழுப்பு நிலக்கரிக்கு மேலே உள்ள களிமண்ணில் எப்போதாவது கிடைக்கும் பச்சை கலந்த கறுப்புக் கல். அதன் பக்கத்தில் நேரம் மெதுவாக ஓடும். நாலடி தள்ளி மாட்டிய கடிகாரம், வெளியே பத்து மணி நேரம் போனால் எட்டு மணி நேரம்தான் நகரும். ஒட்டிக்கொண்டு உட்கார்ந்தால் இன்னும் மோசம்: உங்களுக்கு ஒரு நிமிடம், ஊருக்குப் பத்து நிமிடம். பக்கத்து ஊரான வடக்குத்தில் பல வீடுகளில் புளியங்கொட்டை அளவில் ஒரு துண்டு வைத்திருக்கிறார்கள். தோசை மாவுப் பாத்திரத்துக்கு அடியில் வைத்தால் மாவு சீக்கிரம் புளிக்காது. அதிசயம் ஒன்று கையில் கிடைத்தால் ஏழைக்கு மாவு நினைவு வருகிறது, முதலாளிக்கு ஆள் நினைவு வருகிறது.

சேத்தியாத்தோப்பில் காலை 7.10க்குப் பேருந்து. டிக்கெட் 28 ரூபாய். நின்றுகொண்டே வந்து 8.15க்கு நெய்வேலி ஆர்ச் கேட்டில் இறங்கினேன். நாலு இட்லி, டீ, 45 ரூபாய். சட்னியில் தண்ணீர்தான் பிரதானம். அங்கிருந்து கன்றுப் பண்ணை மூன்று கிலோமீட்டர். ஆட்டோக்காரர் வேலு எண்பது ரூபாய்க்கு ஒத்துக்கொண்டார். ஆனால் என் கைக்கடிகாரத்தைப் பார்த்ததும் ஒரு நிபந்தனை போட்டார்.

"வெயிட்டிங் சார்ஜ் என் மணிக்குதான் தம்பி. போன வாரம் ஒருத்தரு கல்லு மேல குந்திட்டு வந்து, அஞ்சு நிமிஷம்தான் ஆச்சின்னு சண்ட போட்டுகினு நிக்கிறாரு. நான் வூட்டுக்குப் போயி சாப்ட்டுட்டே வந்துட்டேன்."

பண்ணையில் தகர ஷெட். உள்ளே சுவரில் கடிகாரம், அதன் கீழே பெட்டி போன்ற மரப் பெஞ்சு. பெட்டிக்குள் தேங்காய் அளவு மந்தக்கல். இதை யாரும் மறைக்கவில்லை. மேஸ்திரி தினமும் காலை ஆறு மணிக்குச் செல்போனைப் பார்த்து முள்ளைச் சரியாகத் திருப்பிவைக்கிறார். பிறகு எல்லோருடைய செல்போனையும் வாங்கிப் பூட்டிவிடுகிறார். ஷிப்ட் ஆறிலிருந்து இரண்டு வரை. சுவர்க் கடிகாரத்தில் இரண்டு அடிக்கும்போது ஊரில் மணி நாலு.

இதைப் பற்றிப் புகார் எழுதியவர் கலையரசி. கன்றுகளுக்குத் தண்ணீர் விடுகிறவர். மூன்று வயது மகளைப் பால்வாடியில் விட்டிருக்கிறார். 3.30க்குப் பூட்டுவார்கள். இரண்டு முறை பிந்திவிட்டது. மூன்றாவது முறை பிந்தினால் பெயரை அடித்துவிடுவேன் என்று டீச்சர் சொல்லியிருக்கிறார். குழந்தையை வேறு யாரிடமும் கொடுக்கவும் மாட்டாராம். நான் போன நாள் புகாரை விசாரிக்கத் தொழிலாளர் ஆய்வாளர் வரும் நாள். அவர் காலை ஆறு மணிக்கே வந்துவிட்டார் என்று கலையரசி நம்பிக்கையோடு சொன்னார். மேஸ்திரி மரியாதையாக அவரைப் பெஞ்சில் உட்காரவைத்துவிட்டார் என்பதையும் சொன்னார். இதைச் சொல்லும்போது குரலில் நம்பிக்கை கொஞ்சம் குறைந்தது.

கையில் நோட்டு இருந்ததால் மேஸ்திரி என்னை ஆய்வாளரின் உதவியாளர் என்று நினைத்து, அவர் பக்கத்திலேயே இடம் கொடுத்தார். உட்கார்ந்தேன். அங்கிருந்து பார்க்க, வெளியே வேலு கொசு மாதிரி அங்குமிங்கும் பறந்தார். ஆய்வாளர் மட்டும் சாதாரணமாகப் பேசினார். அவர் கையில் மணி 6.18. சுவரில் 8.24.

"பாத்தீங்களா தம்பி, நான் வந்து பதினெட்டு நிமிஷம்தான் ஆவுது. கடிகாரம் ரெண்டு மணி நேரத்துக்கு மேல ஓடிடுச்சி. இது தொழிலாளிக்குச் சாதகமா ஒருதலைப்பட்சமா ஓடுது."

கல் மேலேதான் உட்கார்ந்திருக்கிறீர்கள் என்றேன். அவர் புகாரை எடுத்து நிதானமாகப் படித்துக் காட்டினார்.

"கடிகாரம்னுதான் எழுதியிருக்கு. பெஞ்சப் பத்தி ஒண்ணும் இல்லையே."

கடிகாரத்தின் வேகத்தைக் குறைக்கலாம் என்று பரிந்துரை எழுதத் தொடங்கினார். நாலு நிமிடத்தில் எழுந்துவிட்டேன். வெளியே நாற்பது நிமிடம் போயிருந்தது. வேலு ஆட்டோவில் குறட்டை விட்டுக்கொண்டிருந்தார்.

போக நினைப்பவர்களுக்கு: கைக்கடிகாரத்தை ஆட்டோக்காரரிடம் கொடுத்துவிட்டு உள்ளே போங்கள். தண்ணீர் கொண்டுபோங்கள், அங்கே கன்றுகளுக்குத்தான் தண்ணீர். எங்கே உட்காரச் சொன்னாலும் நின்றுகொண்டே பேசுங்கள். நாட்டில் உட்கார இடம் கிடைத்த யாருக்கும் வெளியே வெயிலில் நிற்பவரின் மணி தெரிவதில்லை. அதற்கு எல்லா இடத்திலும் கல் தேவைப்படுவதில்லை.

இரண்டு மணிக்குச் சுரங்கத்து நிரந்தர ஊழியர்களின் ஷிப்ட் பஸ்கள் வரிசையாகச் சாலையில் போயின. ஷெட்டுக் கடிகாரத்தில் 12.24. "அது பர்மனென்ட்டுக்கு அடிக்கிற ரெண்டு, நமக்கு இன்னும் அடிக்கல" என்று மேஸ்திரி சிரித்தார்.

வேலுவின் மணியில் 3.10க்குக் கலையரசி குழாயை மூடினார். பால்வாடிக்கு ஆட்டோவில் பத்து நிமிடம். வேலு கேட்காமலேயே வண்டியைக் கிளப்பி வைத்தார். கடிகாரத்தில் இரண்டு அடிக்கும் முன்னால் போனால் வேலைக்கான பாஸைப் பிடுங்கிவிடுவேன் என்றார் மேஸ்திரி. கலையரசி ஷெட்டு வாசலில் நின்று, உள்ளே கால் வைக்காமல், ஆய்வாளரைக் கூப்பிட்டு வெளியே வரச் சொன்னார்.

3.13க்கு ஆய்வாளரின் புருவம் உயரத் தொடங்கியது. 3.16க்கு முகவாய் ஒரு விரற்கடை திரும்பியது. ஒரு வார்த்தைக்காக வாய் திறந்துகொண்டிருந்தது. அது எந்த வார்த்தை என்று தெரிய எங்களில் யாருக்கும் நேரம் இல்லை.

3.18. கலையரசி கழுத்திலிருந்த பாஸைக் கழற்றி வாசற்படியில் வைத்தார்.

"சார், எழுந்து வெளிய வாங்க. ஒரே ஒரு வாட்டி இங்க எங்கூட நின்னு மணி பாருங்க."