தனியே நின்ற டெனர் குரல்

என் கண் முன்னேயே என் கணவரை வேனிலிருந்து இறக்கினார்கள். எங்களுக்குக் கலியாணமாகி நான்கு மாதம்கூட ஆகவில்லை. அந்த மத்தியானத்தைப் பற்றி இத்தனை வருடமாக நான் சபையில் வாய் திறந்ததில்லை. இன்று சொல்கிறேன்.

எண்பதுகளின் நடுப்பகுதி. குருத்தோலை ஞாயிற்றுக்கு முந்திய சனிக்கிழமை. கல்முனையிலிருந்து எங்கள் பாடகர் குழு, பன்னிரண்டு பேர், திருக்கோவிலில் ஒரு சிறிய சபையில் பாடப் புறப்பட்டோம். நாலு குரலாகப் பிரிந்து பாடுவோம்; நான் பெண்களில் தாழ்ந்த குரலான ஆல்ட்டோ, இவர் ஆண்களில் உயர்ந்த குரலான டெனர். வேன் ஓட்டியவர் சாய்ந்தமருது இஸ்மாயில் காக்கா. எங்களை ஏற்றிப் போக ஆலய வாசலில் காத்திருந்தே எங்கள் பயிற்சியையெல்லாம் கேட்டுப் பழகியவர்.

அக்கரைப்பற்றில் கடைகள் எல்லாம் பூட்டியிருந்தன. சந்தியில் ஒரு பஸ்கூட இல்லை. வயல் பக்கம் கறுப்புப் புகை எழும்பியது.

"திரும்புவமா காக்கா?" என்று இவர் கேட்டார்.

"பின்னாலயும் றோட்ட மறிச்சிட்டானுகள், தம்பி. இனி முன்னுக்குத்தான் போகேலும்."



ஊர் தாண்டியதும் துவக்குகளோடு சிலர் மறித்தார்கள். சிங்களத்தில் விசாரித்தார்கள். கோயிலில் பாடுகிறவர்கள் என்று காக்கா சொன்னார். அவர்களுடைய தலைவன் நம்பவில்லை; ஆயுதம் தூக்கிய இயக்கத்து ஆட்கள் என்று சந்தேகப்பட்டான். இவரை இறக்கி, பாடச் சொன்னான்.

பயத்தில் இவருக்குப் பாட்டின் மெட்டு மறந்துபோயிற்று. பழகிய டெனர் பகுதிதான் வாயில் வந்தது. தனியாகக் கேட்டால் அது பாட்டாகவே இராது. ஒரே சுரத்தில் நிற்கும், திடீரென்று ஏறும், பாதியில் நின்றுவிடும். தலைவன் முகம் இருண்டது. பொய் என்றான். இவருடைய கைகளைப் பின்னால் கட்டத் தொடங்கினார்கள். பாதையோரம் ஒரு லொறி ஆளில்லாமல் நின்றது. கதவுகள் திறந்து கிடந்தன. பக்கத்தில் நாலைந்து சோடிச் செருப்புகள்.

எனக்கு ஜெபம் வரவில்லை. "ஆண்டவரே, சத்தம் தாரும்" என்பதற்கு மேல் ஒன்றும் வரவில்லை. அதையே திரும்பத் திரும்பக் கேட்டேன். எப்படியென்று தெரியாது, என் பகுதியைப் பாடத் தொடங்கியிருந்தேன். பக்கத்திலிருந்த மேரி அக்கா மெட்டை எடுத்தார். பின்னிருக்கையிலிருந்து பாஸ் குரல்கள் சேர்ந்தன. வெளியே நின்ற இவருடைய குரல் நடுங்கிக்கொண்டே வந்து எங்களோடு பொருந்தியது.

"இது நாலு குரலும் சேர்ந்தாத்தான் பாட்டு. ஒராளை மட்டும் கேட்டா விளங்காது," என்று காக்கா அவர்களுக்குச் சிங்களத்தில் சொன்னார்.

தலைவன் பாட்டு முடியும்வரை நின்றான். பிறகு கயிற்றை அவிழ்க்கச் சொன்னான்.

அந்த லொறியில் வந்தவர்கள் எங்கே என்று இன்றுவரை எங்களுக்குத் தெரியாது. அவர்களுடைய வீடுகளிலும் ஜெபித்திருப்பார்கள். அதற்கு என்னிடம் பதில் இல்லை. என் குரலை நாலு பேர் மெச்சினால் போதும் என்றிருந்தவள் நான். அன்று முதல், பெயர் தெரியாத அவர்களுக்காக மன்றாடாமல் நான் பாட எழும்புவதில்லை.

சொல் வராத நேரம் உங்களுக்கும் வரும். வருகிற ஒரு சொல்லையாவது ஆண்டவரிடம் சொல்லுங்கள். அவர் கேட்கிறார் என்பதற்கு, அதோ டெனர் வரிசையில் நிற்கிறாரே, என் கணவர், அவரே சாட்சி.