வச்சலாவின் முடிச்சு

பின்பக்கக் கொட்டகையிலிருந்து நறநறவென்று பல்லைக் கடிக்கும் சத்தம் கேட்டுக்கொண்டே இருந்தது. அடுப்படியில் நின்ற வச்சலா காதைப் பொத்திக்கொண்டாள். வலி தாங்காத மாடு பல்லைக் கடிக்கும் என்பது இந்த மூன்று நாளில்தான் அவளுக்குத் தெரிந்தது.

"யம்மா, டாக்டரு வயித்தக் கீறிட்டாரு. வெந்நி எத்துகினு வா!" மகள் ரஞ்சிதா கத்தினாள்.

கணவன் காத்தவராயனைக் கடல் கொண்டுபோன பிறகு, அந்த வீட்டைக் காப்பாற்றியது செவலைப் பசுவின் பாலும், கல்பாக்கம் குடியிருப்பில் வச்சலா வீடு வீடாகச் சுமந்து விற்ற மீனும்தான். முன்பெல்லாம் வாசலுக்குச் சட்டி கொண்டுவந்து மீன் வாங்கினார்கள். தொண்ணூற்றைந்து, தொண்ணூற்றாறு வாக்கில் எல்லோரும் பிளாஸ்டிக் கவர் கேட்டார்கள். கொடுத்தாள். வலை பின்னும்போது போடும் முடிச்சையே கவரின் வாய்க்கும் போட்டாள். ஒரு சொட்டு ஒழுகாது. "வச்சலா கட்டினா ஃபிரிட்ஜுகூட நாறாது" என்று அவர்கள் சொல்லச் சொல்ல, பாவி, உச்சி குளிர்ந்துபோனாள்.

அந்த முடிச்சை அவிழ்க்க அங்கே ஒருவருக்கும் தெரியாது. கவரின் பக்கத்தைக் கிழித்து மீனை எடுத்துக்கொண்டு, காய்த்தோலையும் மிச்சச் சோற்றையும் அதிலேயே திணித்து மதிலுக்கு வெளியே வீசினார்கள். செவலை மேய்ந்தது அந்த மதிலோரம்தான்.

கால்நடை டாக்டர் கேசவன் தோள்வரை கையை விட்டு இழுத்து இழுத்துப் போட்டார். வாளி நிறைந்தது.

"இன்னா சார் அது?" வெந்நீரைக் கொண்டுவந்து வைத்த வச்சலா கேட்டாள்.

"எல்லாம் கவர்தாம்மா. எவனெவனோ வீசினது."

வச்சலா ஒன்றை எடுத்து அலசினாள். ரோஸ் கவர். வாயில் அவளுடைய முடிச்சு, இறுகியது இறுகியபடி. அடுத்ததிலும் அதேதான்.

"எவனோ இல்ல சார். நாந்தான்."

பல் கடிக்கும் சத்தம் நின்றது. ரஞ்சிதா மாட்டின் கழுத்தைக் கட்டிக்கொண்டு அலறிய பிறகுதான், ஏன் நின்றது என்று வச்சலாவுக்கு உறைத்தது.

கேசவன் காசு வேண்டாம் என்றுவிட்டார். வெறுங்கையோடு அனுப்ப மனம் வராமல், வச்சலா கூடையிலிருந்து நாலு சங்கரா மீனை எடுத்தாள்.

"கவர்ல போட்டுக் குடும்மா, வண்டி நாறிடும்" என்றவர், சொன்ன பிறகு நாக்கைக் கடித்துக்கொண்டார்.

இனி மீன் மட்டும்தான் கதி. கவர் இல்லாமல் யார் வாங்குவார்கள்? சொருகி வைத்திருந்த கவர்க் கட்டிலிருந்து வச்சலா ஒன்றை உருவினாள். கை தானாக முடிச்சைப் போட்டது.

"வாணாம்மா..." என்றாள் ரஞ்சிதா.

வச்சலா பல்லைக் கடித்துக்கொண்டு இறுக்கினாள்.

கேசவன் தலை நிமிராமல் அதை வாங்கி, ஸ்கூட்டரில் மாட்டிக்கொண்டு கிளம்பினார். வண்டிச் சத்தம் சவுக்குத் தோப்பைத் தாண்டும்வரை வாசலில் நின்றிருந்துவிட்டு, வச்சலா கதவைச் சாத்தினாள்.